காணி வழக்குப் போட கோர்ட்டுக்கு எவ்வளவு கட்டணும்? வாசகர் கேள்வி பதில்

கேள்வி: ஐயா, எங்கட அம்மம்மாட காணி சாம்பல்தீவில 40 பேர்ச். அம்மப்பா முதலே போயிட்டார், அம்மம்மா தவறி 12 வருசம். அம்மாவோட கூடப்பிறந்தது ரெண்டு மாமா, பெரிய மாமா அதில வீடு கட்டி இருக்கிறார், பிரிச்சுத் தாங்கோ எண்டா கதைக்கவே விடுறார் இல்ல, சின்ன மாமா 90ல போட்டில இந்தியா போனவர் இன்னும் அங்கதான். யூடியூப்ல ஒரு லோயர் காணிப் பெறுமதியில 3 சதவீதம் கோர்ட்டுக்குக் கட்டணும் எண்டு சொல்றார். இங்க பேர்ச் 3 லட்சம் போகுதாம், அப்ப 1 கோடி 20 லட்சத்துக்கு 3 லட்சத்து 60 ஆயிரமா? பெறுமதியக் குறைச்சுப் போடுங்கோ எண்டு தெரிஞ்ச ஒருத்தர் சொல்றார். போடலாமா?
- வாசகி, திருகோணமலை

பதில்: தங்கச்சி, முதல்ல அந்தப் பயத்த விடுங்கோ. யூடியூப் லோயர் சொன்னது தமிழ்நாட்டுச் சட்டம், 1955ல வந்தது, ஏழரை சதவீதமா இருந்தத 2017லதான் 3 ஆக்கினவங்க. அங்க கூட பாகப்பிரிவினைக்கு முழுக் காணிக்கும் இல்ல, வழக்குப் போடுறவர்ட பங்குக்குத்தான் கணக்கு, அதுவும் கூட்டா அனுபவிச்சு வாறவருக்கு நிலையான ஒரு சின்னத் தொகைதான். நம்மட ஆக்கள் கனபேர் இந்திய வீடியோவப் பார்த்துட்டு இஞ்ச வழக்கே போடாம விட்டிருக்கினம், எனக்கு அதுதான் பெரிய கவலை.

இஞ்ச நடக்கிறது 1889ம் ஆண்டு குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையும் 1977ம் ஆண்டு 21ம் இலக்கப் பாகப்பிரிவினைச் சட்டமும். பிளேன்ட்ல, அதாவது வழக்குப் போடக் குடுக்கிற மனுவில, காணிட பேர், பரப்பு, பெறுமதி, எல்லை, யார் யாருக்கு எவ்வளவு பங்கு எல்லாம் எழுதணும், அந்தப் பெறுமதி எந்தப் படிக்குள்ள விழுகுதோ அதுக்கேத்த முத்திரைக் கட்டணம். 87ல வந்த அரசியலமைப்பு 13ம் திருத்தத்தால கோர்ட் கட்டணம் மாகாண சபைக்குப் போன விசயம், அதால கொழும்பில இருக்கிற சொந்தக்காரர் சொல்ற கணக்க நம்பாம திருகோணமலை மாவட்ட நீதிமன்ற ரெஜிஸ்ட்ரியில நேர போய்க் கேளுங்கோ.

குறைச்சுப் போடலாமா எண்டா, வேணாம். குடியியல் சட்டக்கோவைட 46ம் பிரிவில பெறுமதி குறைவா இருந்தா திருத்தச் சொல்லி கோர்ட் அவகாசம் குடுக்கும், அப்பவும் திருத்தாட்டித்தான் பிளேன்ட்ட நிராகரிக்கிறது, எண்டாலும் உங்கட பக்கத்தால போன பேப்பர்ல பொய் எண்டா மாமாட லோயருக்கு நீங்களே கத்தியத் தீட்டிக் குடுத்த மாதிரி. பிரிக்கேக்க பெரிய மாமாவுக்குப் பங்கைவிடக் கூட விழுந்து அவர் உங்களுக்குக் காசு தரவேண்டி வந்தா அதுக்கு அடிப்படை கோர்ட் நியமிக்கிற ஆள் போய்ப் பார்த்துப் போடுற மதிப்பு. பிரிக்க ஏலாத காணி எண்டு விக்கச் சொன்னாலும் அந்த மதிப்புக்குக் குறையாம முதல்ல பங்காளிகளுக்குள்ள, பிறகுதான் வெளியாக்களுக்கு.

நீங்க காசு சேர்க்கவேண்டியது வேற இடத்துக்கு. சர்வேயர் கூலி, காணிக் கந்தோர்ல வழக்கப் பதியிறது, பழைய உறுதிகளத் தேடுறது, எல்லாருக்கும் நோட்டீஸ் அனுப்புறது, இதெல்லாம் முதல்ல வழக்காளிட கையில இருந்துதான் போகும், கடைசியில பங்குக்கேத்த மாதிரி எல்லாரிலயும் பிரியும். சின்ன மாமாவ விட்டுடாதீங்கோ. 30, 35 வருசமா காணாத ஆள்தானே எண்டு பேர எழுதாம விட்டு, அந்த மனிசன் ஒருநாள் திரும்பி வந்து நிக்கேக்க பங்கு போயிருந்தா அந்தப் பழி உங்கட அம்மாட தலையிலதான்.

பெரிய மாமா 12 வருசமா இருக்கிறார், பத்து வருசம் தாண்டினா காணி அவருக்கே எண்டு ஆக்கள் சொல்லுவினம், அப்பிடி இல்ல. கூட்டுச் சொந்தக்காரர் ஒருத்தர் இருக்கிறத சட்டம் எல்லாருக்காகவும் இருக்கிறதாத்தான் எடுக்கும், 1911ல பிரிவிக் கவுன்சில், அப்ப லண்டனில இருந்த கடைசி மேல்முறையீட்டு மன்றம், சொன்னது இண்டைக்கும் நிக்குது. உங்களுக்குப் பங்கே இல்லயெண்டு வெளிப்படையா மறுத்து, அதுக்குப் பிறகு பத்து வருசம் போயிருந்தாத்தான் சிக்கல். அதனால அவர் மறுத்துச் சொன்ன நாள் எப்ப எண்டு அம்மாட்டக் கேட்டு எழுதி வையுங்கோ.

இன்னொண்டு, உறுதிதானா எண்டு கண்ணால பாருங்கோ. 1935ம் ஆண்டு காணி அபிவிருத்திச் சட்டத்தில அரச காணிக்குக் குடுத்த பெர்மிட் எண்டா பாகப்பிரிவினை வழக்கு சரிவராது, பிரதேச செயலகத்துலதான் பார்க்கணும். கட்டவே காசில்ல எண்டா சட்ட உதவி ஆணைக்குழு இருக்கு, வறியவர் வழக்கு எண்டு சட்டக்கோவையிலயே தனி அத்தியாயமும் இருக்கு.

கேள்வி: பக்கத்து வீட்டுக்காரர் போன மாசம் வேலியப் பிடுங்கி ரெண்டு பேர்ச் உள்ள எடுத்துட்டார். கேட்டா அடிக்க வாறார். பெறுமதி போட்டு பெரிய வழக்குத்தான் போடணுமா?
- வாசகர், நிலாவெளி

பதில்: உடனே வேணாம் தம்பி. 1979ம் ஆண்டு 44ம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தில 66ம் பிரிவு இருக்கு, அடிபிடி வரக்கூடிய காணிப் பிணக்குக்கு. அதில கோர்ட் பார்க்கிறது யார் கையில இருந்தது எண்டுதான், உறுதி யாருக்கு, பெறுமதி எவ்வளவு எண்டு பார்க்காது. ஆனா வேலி போன நாளில இருந்து ரெண்டு மாசத்துக்குள்ள மனு உள்ள போயிருக்கணும், உங்களுக்கு ஒரு மாசம் ஏற்கனவே போயிட்டுது. போலீஸ் என்ட்ரி, பிடுங்கின வேலிட போட்டோ ரெண்டையும் எடுத்துக்கொண்டு இந்தக் கிழமையே ஒரு லோயர்ட்டப் போங்கோ.