படத்தில் எட்டுப் பேர் இருக்கிறார்கள்

கேள்வி: தேர்தலுக்கு முன் எங்கள் தாமானுக்கு (குடியிருப்புப் பகுதிக்கு) வந்த ஒய்.பி. (மக்கள் பிரதிநிதி), மண்டபத்தைச் சீரமைக்க ஒதுக்கீடு என்று ஆளுயர மாதிரிக் காசோலையை நீட்டிப் படம் எடுத்துக்கொண்டு போனார். (படத்தை இணைத்துள்ளேன்.) பணம் வந்ததா என்று யாருக்கும் தெரியவில்லை. அரசியல்வாதிகள் எல்லாருமே பொய்யர்கள்தான். இனி ஓட்டே போடுவதில்லை என்று முடிவெடுத்துவிட்டேன். சரிதானே?
– வாசகர், பட்டர்வொர்த், மலேசியா

பதில்: சரியில்லை.

முதலில் அந்தப் படம். காசோலையின் ஒரு முனையை ஒய்.பி. பிடித்திருக்கிறார், மறுமுனையை உங்கள் சங்கத் தலைவர். பின்னால் பல்லெல்லாம் தெரியச் சிரித்தபடி ஆறு பேர். ஒருவர் கையில் இன்னும் போர்த்தாத பொன்னாடை. ஆக, எட்டுப் பேர். இவர்களில் ஒருவருக்குமா தெரியாது? பொருளாளருக்குமா? பதிவு பெற்ற சங்கம் என்றால், ஆண்டுப் பொதுக்கூட்டம் முடிந்த 60 நாள்களுக்குள் வரவு செலவுக் கணக்கைச் சங்கப் பதிவதிகாரிக்கு அனுப்பியாக வேண்டும். 1966ஆம் ஆண்டுச் சங்கங்கள் சட்டம் அப்படித்தான் சொல்கிறது. அந்தக் கூட்டத்துக்குப் போனீர்களா? நம் ஆள்களில் பலர் கணக்கு வாசிக்கும்போது வெளியே போய், சாப்பாட்டு நேரத்துக்குச் சரியாகத் திரும்பி வருகிறவர்கள். நீங்கள் அப்படியில்லை என்று வைத்துக்கொள்கிறேன்.

அடுத்து, ‘எல்லாருமே பொய்யர்கள்.’ இதைக் கேட்டால் அதிகம் மகிழ்பவர் அசல் பொய்யர்தான். எல்லாரும் அப்படித்தான் என்றால் அவர் மட்டும் எதற்குப் பதில் சொல்ல வேண்டும்? 2015-இல் அன்றைய பிரதமர் நஜிப்பின் சொந்தக் கணக்கில் 2.6 பில்லியன் ரிங்கிட் வந்து விழுந்த செய்தி வெடித்தது. நன்கொடை என்றார்கள். 2016 ஜனவரியில் சட்டத்துறைத் தலைவர், குற்றம் எதுவும் இல்லை என்று கோப்பை மூடினார். அன்றும் கடைத்தெருவில் ‘இவனுங்க எல்லாம் இப்படித்தான்’ என்று தேத்தாரேக் தேநீரை ஆற்றிக் குடித்தோம். ஆனால் 2018 மே 9 அன்று போய் ஓட்டுப் போட்டோம். 1957 முதல் அசையாத ஆட்சி அசைந்தது, கோப்பு திறந்தது. எஸ்.ஆர்.சி. என்ற அரசு நிறுவனத்தின் 42 மில்லியன் ரிங்கிட் வழக்கில் 2020-இல் நஜிப்புக்கு 12 ஆண்டுச் சிறைத் தண்டனை. 2022 ஆகஸ்டில் சிறைக்கதவு சாத்தப்பட்டது.

அப்புறம் நடந்ததும் தெரியும், மறைக்கவில்லை. நாம் தேர்ந்தெடுத்த ஆட்சி 22 மாதம்கூடத் தாங்கவில்லை. 2020 பிப்ரவரியில் ஒரு ஹோட்டலில் கூடிப் பேசி அணி மாறினார்கள். யாரும் நம்மைக் கேட்கவில்லை. 2022-இல் கட்சித் தாவல் தடைச் சட்டம் வந்தது. அதிலும் ஓட்டை: தானாக விலகினால் பதவி போகும், கட்சி நீக்கினால் போகாது. கட்சி உறுப்பியம் பறிபோன பெர்சத்துக் கட்சி எம்.பி.க்கள் ஆறு பேர் 2024-இல் அதே நாற்காலியில் தொடர்ந்தார்கள். அதே ஆண்டு, அந்த 12 ஆண்டுத் தண்டனையும் மன்னிப்பு வாரியத்தில் 6 ஆண்டாகச் சுருங்கியது. உங்கள் கோபம் நியாயமானதுதான். எனக்கும் உண்டு.

ஆனால் யாரையும் நம்பச் சொல்லி நான் கேட்கவில்லையே! நம்பாதீர்கள். அவர்களைவிடப் பொன்னாடையைக் குறைவாக நம்புங்கள். நம்பாதவன் செய்ய வேண்டியது, கணக்குக் கேட்பது. நீங்கள் செய்ய நினைப்பதோ வீட்டில் உட்கார்வது. நீங்கள் வராத வாக்குச்சாவடிக்கு, காசோலைக்குக் கைதட்டியவர்கள் தவறாமல் வருவார்கள்.

உங்கள் ஊரில் ஒரு வசதி வேறு இருக்கிறது. பினாங்குக்கு 2010ஆம் ஆண்டின் தகவல் சுதந்திரச் சட்டம் உண்டு. சிலாங்கூரைத் தவிர மற்ற பல மாநிலக்காரர்களுக்கு இது கனவு. ஒதுக்கீடு மாநில அரசுப் பணம் என்றால், எந்த இலாகா, ஒப்புதல் கடிதத்தின் தேதி என்ன, எந்தக் கணக்குக்கு எவ்வளவு போனது என்று எழுத்தில் கேளுங்கள். கூட்டரசுப் பணம் என்றால் அந்தச் சட்டம் எட்டாது. அப்போது எதிரணி எம்.பி. ஒருவரைப் பிடித்து நாடாளுமன்றத்தில் கேள்வியாகப் போடச் சொல்லுங்கள். எதிரியைச் சங்கடப்படுத்தும் வேலையென்றால் அவர்களுக்கு நேரம் எப்படியோ கிடைத்துவிடும்.

அதற்கு முன் பொருளாளர் வீட்டுக்கு ஒரு நடை போய் வாருங்கள். அவர் என்ன சொன்னார் என்று எழுதினால் பெயர் போடாமல் அச்சிடுகிறேன். ‘தலைவரைக் கேளுங்கள்’ என்று சொல்லியிருந்தாலும்தான்.