மீகாமனின் வாள்கள்

அன்புள்ள எழுத்தாளருக்கு,

சாமுராய்களின் அதிகாரச் சண்டைக்குள் மாட்டிக்கொண்ட ஆங்கில மாலுமி வில்லியம் ஆடம்ஸைப் பற்றிப் படித்தேன். தொக்குகாவா இயெயாசு ஜப்பானைப் பிடித்ததே இவருடைய யோசனையால்தான் என்கிறார்கள். நம்பலாமா?

க.

அன்புள்ள க.,

நம்ப வேண்டாம். 1598இல் ஹாலந்தின் ராட்டர்டாமிலிருந்து கிளம்பிய ஐந்து கப்பல்களில், ஆடம்ஸ் இருந்த ஒன்றுதான் ஜப்பான் வந்து சேர்ந்தது. 1600 ஏப்ரலில் அது ஜப்பானின் தெற்கே பூங்கோ என்ற பகுதியில் கரை தொட்டபோது, எழுந்து நிற்கத் தெம்பிருந்தவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். அதே ஆண்டு அக்டோபரில், இயெயாசுவின் கையில் ஜப்பானைக் கொடுத்த செகிகஹாரா போர். எதிரணியில் இருந்த கொபயகாவா ஹிதேஅகி நடுப்போரில் கட்சி மாறினார். இயெயாசுவின் வெற்றிக்கு அதுதான் வழிவிட்டது. பாதி உயிரோடு கரையேறிய ஒரு மாலுமிக்கு அதில் என்ன வேலை?

ஆடம்ஸ் கொடுத்தது வேறொன்று. ஆடம்ஸும் கூட்டாளிகளும் கரையேறியதும், இவர்கள் கடற்கொள்ளையர், கொன்றுவிடுங்கள் என்று போர்த்துகீசியப் பாதிரிமார் வற்புறுத்தினார்கள். எனக்கோ என் நாட்டுக்கோ இவர்கள் ஒரு தீங்கும் செய்யவில்லையே, பிறகு எதற்குக் கொல்வது என்று இயெயாசு மறுத்துவிட்டார். ஆடம்ஸே கடிதத்தில் எழுதியிருக்கிறார். போர்த்துகீசியருக்கு ஐரோப்பாவிலேயே பகைவர்கள் உண்டு என்பதை அவரிடமிருந்து நேரடியாகக் கேட்டுக்கொண்டதுதான் இயெயாசுவுக்குக் கிடைத்த லாபம்.

அப்புறம் அவரை விடவே இல்லை. எண்பது டன்னில் ஒரு கப்பல் கட்டச் சொன்னார், கணிதம் கற்றுக்கொண்டார், மியூரா தீபகற்பத்தில் ஹெமி என்ற ஊரையும் எண்பது தொண்ணூறு குடியானவர்களையும் கொடுத்தார். மியூரா அஞ்சின் என்ற பெயரும் வந்தது. அஞ்சின் என்றால் கப்பலுக்கு வழிகாட்டிச் செலுத்துபவர், நம் பழைய சொல்லில் மீகாமன். ஐந்து வருடம் கழித்து, பெண்டாட்டி பிள்ளையைப் பார்க்க வேண்டும், போக விடுங்கள் என்று கேட்டார். இயெயாசுவுக்கு அது பிடிக்கவில்லை. இந்தக் கதையில் எனக்கு மனசு கனக்கிற இடம் போர்க்களம் இல்லை, இதுதான். தயவும் சிறையும் ஒரே கையிலிருந்து வந்தன.

1613இல் ஆங்கிலக் கப்பல் வந்தது, அனுமதியும் கிடைத்தது. ஆனால் அவர் ஏறவில்லை. கப்பல் தலைவரோடு ஒத்துப்போகவில்லை. அதற்குள் இங்கேயும் மனைவி, ஜோசப், சுசன்னா என்று ஒரு குடும்பம் ஆகிவிட்டது. 1620இல் ஹிராடோ என்ற ஜப்பானியத் துறைமுகத்தில் இறந்தார். சொத்தை இரண்டாகப் பிரித்து, ஒரு பாதியை இங்கிலாந்தில் இருந்த மனைவிக்கும் மகளுக்கும், மறுபாதியை ஜப்பானியப் பிள்ளைகளுக்கும் எழுதி வைத்திருந்தார். அவருடைய வாள்களை மகன் ஜோசப்பிடம் ஒப்படைத்தவர் ரிச்சர்ட் காக்ஸ் என்ற ஆங்கில வணிகர். கொடுத்தபோது கண்ணீர் வந்தது என்று தன் நாட்குறிப்பில் எழுதி வைத்திருக்கிறார்.