செம்பருத்தியை ஆடியில் வெட்டுங்கள், குண்டுமல்லிக்குக் கார்த்திகை வரட்டும்

கேள்வி: வீட்டு முன்புறம் செம்பருத்தி, இட்லிப்பூ, குண்டுமல்லி மூன்றையும் தரையில் நட்டிருக்கிறோம். செம்பருத்தி மாடி உயரம் போய்விட்டது. உச்சியில் நாலைந்து பூதான் வருகிறது, பூஜைக்கு அதையும் துரட்டி வைத்துத்தான் பறிக்கிறேன். வெட்டினால் செடி பட்டுப்போகும் என்கிறார் மாமியார். ஆடியில் மூன்றையும் ஒன்றாகக் கவாத்து செய்துவிடலாமா? (மதுரை மாவட்ட வாசகி)

பதில்: வணக்கம் அம்மா. நல்ல வேருள்ள செம்பருத்தி வெட்டியதால் பட்டுப்போகாது, பயப்படாதீர்கள். ஆனால் மூன்றையும் ஒரே நாளில் வெட்ட வேண்டாம். ஒவ்வொன்றுக்கும் காலம் வேறு.

செம்பருத்தி புதுத் தளிரில்தான் மொட்டு வைக்கும். அப்படியே விட்டால் கிளை நுனியிலேயே நீண்டுகொண்டு போகும், பூவும் அதோடு மேலே ஏறிவிடும். நுனியை எடுத்துவிட்டால் கீழே அடங்கிக் கிடக்கும் கணுக்கள் துளிர்க்கும். ஒரு கிளைக்கு இரண்டு மூன்று கிளை வரும். ஆடி இதற்கு நல்ல மாதம்தான். கத்திரி வெயில் போயிருக்கும், ஐப்பசி அடைமழைக்குள் தளிரும் முற்றிவிடும். அடைமழையில் வெட்டினால் வெட்டுவாயில் பூஞ்சாணம் ஏறி, கிளை நுனியிலிருந்து காய்ந்துகொண்டே வரும்.

பூஜைக்குப் பூ வேண்டும் என்கிறீர்கள். அதனால் மொத்தமாக மொட்டையடிக்காமல், மிக உயரமான பழைய கிளைகளில் மூன்றில் ஒரு பங்கை மட்டும் முதலில் இடுப்பு உயரத்துக்கு இறக்குங்கள். அவை நன்றாகத் துளிர்த்தபின் அடுத்த பங்கு. மழை முந்திக்கொண்டால் மிச்சத்தைத் தை முடிந்து பார்த்துக்கொள்ளலாம். வெளிப்பக்கம் பார்த்த கணுவுக்குக் கால் அங்குலம் மேலே, சாய்வாக வெட்டுங்கள். கத்தரி கூராக இருக்கட்டும், அரிவாளால் கொத்தினால் கிளை பிளந்துவிடும். தடித்த வெட்டுவாயில் காப்பர் ஆக்ஸிகுளோரைடு என்ற பூஞ்சாணக் கொல்லியைக் குழைத்துத் தடவுங்கள். அப்புறம் தொழுவுரம் போதும். யூரியா அள்ளிப் போட்டால் இலைதான் செழிக்கும்.

வெட்டும்போது கணுக்களில் வெள்ளையாகப் பஞ்சு போல அப்பியிருக்கிறதா என்று பாருங்கள். செம்பருத்திக்கு மாவுப்பூச்சி அடிக்கடி வரும். அந்தக் கிளைகளைச் செடியடியில் போடாமல் எரித்துவிடுங்கள். மிச்சம் இருப்பதைத் தண்ணீரை வேகமாகப் பீய்ச்சிக் கழுவிவிட்டு, ஒரு லிட்டர் தண்ணீரில் 30 மில்லி வேப்பெண்ணெயும் கொஞ்சம் காதி சோப்புக் கரைசலும் கலந்து சாயங்காலம் தெளியுங்கள். தண்டில் எறும்பு ஏறினால் அதையும் தடுக்க வேண்டும். மாவுப்பூச்சியைக் காத்துப் பரப்புவதே எறும்புதான்.

இட்லிப்பூவுக்குப் பெரிய வெட்டு தேவையில்லை. கொத்து வாடியதும் அதற்குக் கீழே ஒரு ஜோடி இலையோடு கிள்ளிவிடுங்கள். நுனியில் பூக்கிற செடி என்பதால், வேலி மாதிரி மாதாமாதம் மட்டம் பிடித்தால் மொட்டெல்லாம் போய்விடும்.

குண்டுமல்லியை இப்போது தொடாதீர்கள். நவம்பர் கடைசி வாரத்தில், மழை விட்ட நாளாகப் பார்த்து, தரையிலிருந்து 50 செ.மீ. உயரம் விட்டு வெட்டி, காய்ந்த குச்சிகளையும் எடுத்துவிடுங்கள். செடிக்கு 10 கிலோ தொழுவுரம் வைத்துத் தண்ணீர் கட்டினால், பனி விலகி வெயில் ஏறும்போது புதுத் தளிரெல்லாம் மொட்டோடு வரும். அதை ஆடியில் வெட்டக்கூடாது என்றால் மாமியார் சொல்வது சரிதான்.

செம்பருத்தியில் வெட்டிய கிளைகளில் பூச்சி இல்லாத, பென்சில் தடிமனுள்ள குச்சிகளை எறிந்துவிடாதீர்கள். ஒரு சாண் நீளத்துக்கு நறுக்கி, மணல் கலந்த மண்ணில் நிழலில் நட்டு ஈரம் காயாமல் வைத்தால் வேர் பிடிக்கும். கேட்கிற பக்கத்து வீட்டுக்காரர்களுக்குக் கொடுக்கலாம்.