தேதி தெரியாத ஜெர்மன் வீடியோ கேசட்

வணக்கம். உங்களிடம் உள்ள பழைய ஜெர்மன் கேசட் எந்த வருடத்தது என்று கேட்டிருந்தீர்கள். ஓட்டை உடைசல் கார்களுக்கு நடுவே நின்று பாட்டு வரிசை சொல்கிறார்கள் என்றால் அது 'ஃபோர்மல் ஐன்ஸ்' என்ற ஜெர்மன் தொலைக்காட்சிப் பாட்டு நிகழ்ச்சிதான். தொகுப்பாளர் முகத்தைப் பாருங்கள். பீட்டர் இல்மன் என்றால் 1983-84. இங்கோல்ஃப் லுக் என்றால் 1985. பெண் என்றால் ஸ்டெஃபனி டூக்கிங், 1986-87; என்னைக் கேட்டால் அவர்தான் அந்த நிகழ்ச்சிக்கே களை. அதற்கு அப்புறம் 1990 வரை காய் போக்கிங்.

முதலிடப் பாடலை ஜெர்மன் தரவரிசையின் பழைய பட்டியல்களில் தேடினால் எந்த வாரம் என்பது வரை நெருங்கிவிடலாம். ஆனால் அந்த நிகழ்ச்சியில் பிரிட்டிஷ், அமெரிக்க வரிசைகளும் வரும், குழப்பிக்கொள்ளாதீர்கள். தேடுவதற்காக டேப்பைத் திரும்பத் திரும்ப ஓட்டவும் வேண்டாம், தேய்ந்துவிடும். முதல் ஓட்டத்திலேயே கணினியில் பதிவு செய்துவிடுங்கள்.