சும்மா நிற்கும் சார்ஜண்ட்

அன்புள்ள ஆசிரியருக்கு,

குணச்சித்திர நடிகர்களைப் பற்றிய கட்டுரையில் பிரிட்டிஷ் நடிகர் ஜான் லெ மெஷரரை வானளாவப் புகழ்ந்திருந்தீர்கள். அதை நம்பி 'டாட்ஸ் ஆர்மி' என்ற பிரிட்டிஷ் தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடரில் எட்டு எபிசோட் பார்த்தேன். கேப்டன் மெயின்வாரிங்காக வரும் ஆர்தர் லோ பிரமாதம். ஆனால் உங்கள் ஆள், சார்ஜண்ட் வில்சன், என்ன செய்கிறார்? பெருமூச்சு விடுகிறார், "இது சரியாக வருமா சார்?" என்று கேட்கிறார், சும்மா நிற்கிறார். நிஜத்திலும் அவர் அப்படித்தானாம். தன்னைப் போலவே வந்துவிட்டுப் போகிறவரை எப்படிக் குணச்சித்திர நடிகர் என்கிறீர்கள்?

க. ர., ஓசூர்

அன்புள்ள க. ர.,

எட்டு எபிசோட் பார்த்துவிட்டுத்தான் சண்டைக்கு வந்திருக்கிறீர்கள், சந்தோஷம். எழுத்தில் மெயின்வாரிங் என்று இருந்தாலும் அந்தப் பெயரை மேனரிங் என்றுதான் சொல்வார்கள். அந்த ஊர்ப் பெயர்களே அப்படி.

நீங்கள் கேள்விப்பட்டது உண்மைதான். ராணுவத்தில் தான் எப்படி இருந்தாரோ அப்படியே வில்சனையும் நடித்ததாக லெ மெஷரரே தன் சுயசரிதையில் எழுதியிருக்கிறார். சட்டையில் ஒரு பித்தானைப் போடாமல் விடுவதும், உத்தரவை விருந்துக்கு அழைப்பதுபோல் சொல்வதும் அங்கிருந்து வந்தவை. இரண்டாம் உலகப் போரில் படையில் சேர்வதற்கு டாக்சியில், கோல்ஃப் மட்டைகளோடு போய் இறங்கிய மனிதர் அவர். பிறகு கேப்டனாகி, போர் முடியும்வரை அன்றைய இந்தியாவின் வடமேற்கு எல்லைப் பகுதியில் இருந்தார்.

சரி, கேமரா முன்னால் நம்மைப் போலவே இருப்பது அவ்வளவு சுலபமா? கல்யாண வீடியோக்காரர் பக்கம் வந்தாலே நமக்குக் கை எங்கே வைப்பதென்று தெரிவதில்லை.

வில்சன் 'சும்மா' நிற்பதில்தான் அந்தத் தொடரின் நகைச்சுவையே இருக்கிறது. 1940-இல் ஜெர்மானியர் வந்து இறங்கிவிடுவார்கள் என்ற பயத்தில் முதியவர்களையும் சிறுவர்களையும் சேர்த்து அமைத்த ஊர்க்காவல் படை அது. வங்கி மேனேஜர் கேப்டன், அவருக்குக் கீழே வேலை பார்ப்பவர் சார்ஜண்ட். ஆனால் மேனேஜர் தட்டுத்தடுமாறி மேலே வந்தவர், சார்ஜண்டோ உசந்த குடும்பம், உசந்த பள்ளிக்கூடம். பதவி ஒருவருக்கு, தோரணை இன்னொருவருக்கு. மேனரிங் கத்தியே ஆகவேண்டும், வில்சனுக்குக் குரலை உயர்த்தும் அவசியமே கிடையாது. ஆர்தர் லோ கொதிப்பதைப் பார்த்துச் சிரிக்கிறீர்கள் அல்லவா? அந்த அடுப்பை எரியவிடுகிறவர் பக்கத்தில் நிற்பவர்தான். இந்த வர்க்கத்தின் அலட்சியம் லெ மெஷரருக்கு வீட்டுச் சமாசாரம். அதே மாதிரி உசந்த ஷெர்போர்ன் பள்ளியில் படித்தவர், வக்கீல் அலுவலகத்தில் பயிற்சிக்குச் சேர்ந்து, பிடிக்காமல் 1933-இல் நாடகப் பள்ளிக்கு ஓடியவர்.

அதற்கப்புறம் 35 வருடம் சின்னச் சின்ன வேடங்கள். நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள். நீதிபதி, டாக்டர், ராணுவ அதிகாரி, கோப்போடு வரும் அரசு ஊழியர். வருவார், இரண்டு வசனம் பேசுவார், போய்விடுவார். வில்சன் கிடைத்தபோது வயது 56.

'தன்னைப் போலவே' என்கிறீர்களே, அந்தத் தன்மை எங்கே உடையும் என்று பார்க்க 1971-இல் டென்னிஸ் பாட்டர் எழுதிய 'டிரெய்ட்டர்' என்ற தொலைக்காட்சி நாடகத்தைத் தேடிப் பாருங்கள். சோவியத்துக்கு உளவு பார்த்த பிரிட்டிஷ் உளவுத்துறை அதிகாரி கிம் ஃபில்பியை மனதில் வைத்து எழுதிய பாத்திரம். (ஃபில்பி அம்பாலாவில் பிறந்தவர், பிறந்த வருடம் 1912. லெ மெஷரரும் 1912. சும்மா ஒரு தகவல்.) நாட்டைக் காட்டிக்கொடுத்துவிட்டு மாஸ்கோவில் ஒரு ஃபிளாட்டில் குடித்துக்கொண்டிருக்கும் உளவாளியைப் பேட்டி எடுக்க மேற்கத்திய நிருபர்கள் வருகிறார்கள். அதே மெல்லிய குரல், அதே நாசூக்கு. வில்சனிடம் நாம் சிரித்த அந்த நல்ல பழக்கவழக்கம் இங்கே அழுகிப்போய்க் கிடக்கிறது. தொலைக்காட்சியில் சிறந்த நடிகருக்கான பிரிட்டனின் பாஃப்டா விருது அதற்குத்தான் கிடைத்தது, வில்சனுக்கு அல்ல. குணச்சித்திரம் என்றால் ஒட்டுமீசையும் மாறுவேடமும்தான் என்று நாம் பழகிவிட்டோம். ஒரே முகத்தை வைத்துக்கொண்டு இரண்டு குணங்களைக் காட்டியவரை என்னவென்று சொல்வது?

வாழ்க்கையைப் பற்றி அதிகம் எழுதப் போவதில்லை, அது வம்பாகிவிடும். இரண்டாவது மனைவி, நகைச்சுவை நடிகை ஹாட்டி ஜாக்ஸ், வேறொருவரை விரும்பினார். ஹாட்டிக்குக் கெட்ட பெயர் வரக்கூடாதென்று, 1965-இல் விவாகரத்தில் பழியை லெ மெஷரர் தன் தலையில் போட்டுக்கொண்டார். மறு வருடமே மணந்த ஜோன், லெ மெஷரரின் நெருங்கிய நண்பரான நகைச்சுவை நடிகர் டோனி ஹேன்காக்குடன் போனார். ஹேன்காக் 1968 ஜூனில் தற்கொலை செய்துகொண்டார், ஜோன் திரும்பி வந்தார், இவர் ஏற்றுக்கொண்டார். 'டாட்ஸ் ஆர்மி' முதல் எபிசோட் அதே வருடம் ஜூலை 31-இல் ஒளிபரப்பானது. இதைப் பெருந்தன்மை என்பவர்கள் உண்டு, சண்டை போடத் தெரியாதவர் என்பவர்களும் உண்டு. எனக்கு இரண்டும் சரியென்றே படுகிறது. அந்தப் பெருமூச்சைக் கேட்கும்போது மட்டும் கொஞ்சம் உறுத்தும்.

1983-இல் இறந்தார். 'டைம்ஸ்' நாளிதழில் வந்த மரண அறிவிப்பைத் தானே முன்கூட்டி எழுதி வைத்திருந்தார்: ஜான் லெ மெஷரர் நவம்பர் 15 அன்று மண்டையைப் போட்டுவிட்டார் என்பதைத் தெரிவித்துக்கொள்ள விரும்புகிறார், குடும்பத்தையும் நண்பர்களையும் பிரிந்து வருந்துகிறார் என்று. இங்கிலாந்தின் ராம்ஸ்கேட்டில் உள்ள கல்லறையில் 'அன்புக்குரிய நடிகர். ஓய்வில்' என்று பொறித்திருக்கிறார்கள். ஆங்கில நாடகக்காரர்கள் பேச்சில் 'ஓய்வில்' என்றால் கையில் வேலை இல்லை என்று அர்த்தம்.

ஒன்பதாவது எபிசோடாக, 1970-இல் வந்த வில்சன் மேனேஜராகும் கதையைப் பாருங்கள். அவருக்கென்று தனிக் கிளை கிடைக்கிறது, போய்ச் சேர்ந்த சூட்டோடு அதன்மேல் குண்டு விழுகிறது. வசனத்தை விடுங்கள், அந்த முகத்தைப் பாருங்கள். அப்புறம் மறுபடி எழுதுங்கள்.