சம்பள நிலுவைக்கு உயர் நீதிமன்றம்: மலை மாவட்ட மருத்துவமனை ஊழியர்களின் கேள்விகள்

கூடலூர் செவிலியர்: சார், கொடைக்கானல் தோழி சம்பள நிலுவை கேட்டு மதுரை உயர் நீதிமன்றக் கிளையில் ரிட் மனு போட்டிருக்கிறாள். நானும் அங்கேயே போடலாமா?

கொடைக்கானல் திண்டுக்கல் மாவட்டம், அதனால் அவருக்கு மதுரைக் கிளை. உங்கள் கூடலூர் நீலகிரி மாவட்டம், அதற்குச் சென்னைதான். மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் கலைக்கப்பட்டுவிட்டதால், மாநில அரசு ஊழியரின் சம்பள வழக்கு அரசியல் சட்டம் 226-இன் கீழ், அரசுக்கு உத்தரவிடக் கேட்கும் ரிட் மனுவாக நேரே உயர் நீதிமன்றம் போகிறது. வெலிங்டன் ராணுவ மருத்துவமனையின் சிவிலியன் ஊழியர் என்றால் வழி வேறு: முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம்.

யார் மீது வழக்கு என்ற எதிர்மனுதாரர் பட்டியலில்தான் நிறையப் பேர் கோட்டை விடுகிறார்கள். தாலுகா மருத்துவமனைக்கு மருத்துவ மற்றும் ஊரக நலப்பணிகள் இயக்குநர். ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் பொது சுகாதார இயக்குநர். மருத்துவக் கல்லூரிக்கு மருத்துவக் கல்வி இயக்குநர். இடையில் துறை மாறியவர் இரண்டு இயக்குநரையும் சேர்க்க வேண்டும். இல்லாவிட்டால் 'அந்தக் காலம் எங்களுடையதில்லை' என்று கோப்பு இங்குமங்கும் அலையும்.

குன்னூர் மருந்தாளுநர்: தேர்வுநிலை ஊதியம் 2014-லேயே வந்திருக்க வேண்டும். மனு கொடுத்துக்கொண்டே இருக்கிறேன். முழு நிலுவையும் கிடைக்குமா?

தேர்வுநிலை என்பது ஒரே பதவியில் நீண்ட காலம் இருந்தவருக்கான ஊதிய உயர்வு. அந்த உரிமை சாகவில்லை, பணம்தான் கரைகிறது. குறைந்த சம்பளம் மாதாமாதம் தொடரும் தவறு. ஆனால் நிலுவை, வழக்குப் போட்ட நாளுக்கு முந்தைய 3 ஆண்டுக்கு மட்டும் என்று தர்செம் சிங் வழக்கில் (2008) உச்ச நீதிமன்றம் வரையறுத்தது. 2025 ஜூன் 10-இல் போட்டால் 2022 ஜூன் 10 முதல்தான். நினைவூட்டல் கடிதம் பத்து அனுப்பினாலும் அந்தக் கடிகாரம் நிற்காது, சி. ஜேக்கப் வழக்கு (2008) அதைத்தான் சொல்கிறது.

ஆகவே கோரிக்கையை இரண்டாகப் பிரித்து எழுதும்படி உங்கள் வழக்கறிஞரிடம் சொல்லுங்கள்: 2014 முதல் ஊதிய மறுநிர்ணயம் ஒன்று, நிலுவை இன்னொன்று. நிலுவை மட்டும் கேட்டால் இன்றைய அடிப்படை ஊதியம் ஏறாமலே போகலாம், ஓய்வூதியத்திலும் அடி விழும். மாதம், வாங்கியது, வர வேண்டியது, வித்தியாசம் என நான்கு கட்டத்தில் கணக்கை இணையுங்கள். அகவிலைப்படி அடிப்படை ஊதியத்தின் விழுக்காடு என்பதால் அதுவும் கூடவே மாறும்.

கொடைக்கானல் ஆய்வக நுட்புநர்: '12 வாரத்தில் பரிசீலிக்க' என்று உத்தரவு வாங்கினேன். துறையில் என் மனுவை நிராகரித்துவிட்டார்கள். நீதிமன்ற அவமதிப்பு வழக்கு போடலாமா?

நிற்காது. பரிசீலிக்கச் சொன்னார்கள், பரிசீலித்து மறுத்துவிட்டார்கள். நிராகரிப்பு ஆணையை ரத்து செய்து பலனை வழங்கும்படி புதிய ரிட் போட வேண்டும். பதிலே வராதிருந்தால்தான் அவமதிப்பு, அதுவும் ஓராண்டுக்குள். 'பரிசீலி' உத்தரவை வெற்றி என்று இனிப்பு வாங்கிக் கொடுப்பவர்களைப் பார்த்தால் பாவமாக இருக்கும்.

ஊட்டி தொகுப்பூதிய செவிலியர்: நிரந்தரம் ஆகாமல் சம ஊதியம் கேட்க முடியுமா அண்ணா?

முடியும்மா. ஜக்ஜித் சிங் தீர்ப்பு (2016) அதற்குத்தான்: அதே வேலை செய்யும் தற்காலிக ஊழியருக்கு அந்தப் பதவியின் ஊதிய விகிதத்தில் ஆரம்பத் தொகை. நிரந்தரம் வேறு சண்டை. முறையான தேர்வின்றி வந்த தற்காலிக ஊழியர் நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்ற உமாதேவி தீர்ப்பு (2006) அங்கே குறுக்கே வரும். மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியம் வழியாக வந்தவரென்றால் தேர்வு ஆணையை முதல் இணைப்பாக வையுங்கள், கொல்லைப்புற நியமனம் என்ற வாதம் அங்கேயே அடங்கும்.

'அதே வேலை' என்பதை நிரூபிக்க வார்டு ஒப்படைப்புப் பதிவேடு போதும். காலை எட்டு மணிக்கு நிரந்தர செவிலியர் ஒப்படைத்து, கீழே நீங்கள் பொறுப்பேற்றுக் கையெழுத்திட்ட பக்கம். பணி முறைப் பட்டியலில் இருவர் பெயரும் ஒரே வரிசையில். தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் நீதிமன்ற வில்லை ஒட்டிக் கேளுங்கள். 30 நாள் கெடு.

பழனியிலிருந்து ஒரு அலுவலக உதவியாளர்: மலையிலிருந்து மாறுதலாகி வந்த பிறகும் மலைப்படி தவறுதலாக வந்துகொண்டிருந்தது. ஓய்வுக்கு எட்டு மாதம் இருக்கையில் அதைச் சம்பளத்தில் பிடிக்கப்போகிறார்களாம்.

தவறுதலாகக் கொடுத்த பணத்தை யாரிடம் திரும்பப் பிடிக்கக் கூடாது என்று சொல்லும் ரஃபீக் மசீஹ் தீர்ப்பு (2014) உங்களுக்கு இரண்டு வழியில் துணை: கடைநிலை ஊழியர், ஓய்வுக்கு ஓராண்டுக்குள். நீங்கள் தவறான தகவல் தந்து வாங்கியிருக்கக் கூடாது, 'அதிகம் பெற்றால் திருப்பித் தருவேன்' என்ற உறுதிமொழியும் எங்கும் தந்திருக்கக் கூடாது. பணிப்பதிவேட்டைப் புரட்டி அதைப் பாருங்கள். முதல் தவணை பிடிப்பதற்கு முன்பே இடைக்காலத் தடை கேளுங்கள். பிடித்த பணத்தைக் கருவூலத்திலிருந்து திரும்ப வாங்குவது அதைவிட நீண்ட வேலை.