வால்வு சுருங்கினால் துடிப்பு ஏன் தப்புகிறது? – கேள்வி பதில்

இதயப் பிரிவில் 26 வருடம் செவிலியராக இருந்தேன். அதில் பாதிக் காலம் வால்வு நோயாளிகளின் ஐ.என்.ஆர். (ரத்தம் உறைய எவ்வளவு நேரமாகிறது என்று காட்டும் பரிசோதனை அளவு) நோட்டுகளோடுதான் போனது. இந்த முறை வந்த கேள்விகளுக்கு எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். மருந்தின் அளவைக் கூட்டுவதும் குறைப்பதும் உங்கள் டாக்டரின் வேலை.

கேள்வி: அம்மாவுக்கு 44 வயது. மைட்ரல் வால்வு சுருக்கத்துக்கு மூன்று வருடமாக மாத்திரை சாப்பிடுகிறார். எக்கோவில் வால்வு 1.2 என்று இருந்தது. இப்போது ஈசிஜி பார்த்துவிட்டு ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் என்கிறார்கள். இது புதிதாக வந்த வேறு நோயா?

வேறு நோய் இல்லை தம்பி, அந்த வால்வு செய்த வேலைதான். இதயத்தின் இடது மேலறையிலிருந்து கீழறைக்கு ரத்தம் இறங்குகிற கதவு மைட்ரல் வால்வு. நல்ல வால்வு 4 முதல் 6 சதுர செ.மீ. வரை திறக்கும். 1.5-க்கு வந்துவிட்டாலே கடுமையான சுருக்கம் என்றுதான் கணக்கு. அம்மாவுக்கு 1.2. வழி குறுகிப்போனதால் ரத்தம் மேலறையில் தேங்குகிறது. வருடக்கணக்கில் அந்த அழுத்தத்தைத் தாங்கி அறை விரிந்துகொண்டே போகிறது, தசைக்குள் தழும்பு விழுகிறது. துடிப்புக்கான மின்சாரம் இந்தத் தசை வழியாகத்தான் சீராகப் பரவ வேண்டும். தழும்பில் தடைபட்டு அது கண்டபடி ஓட ஆரம்பித்தால், மேலறை நிமிடத்துக்கு 350 தடவைக்கு மேல் நடுங்கும். நடுங்குமே தவிர, ரத்தத்தைப் பிழிந்து அனுப்பாது. இதைத்தான் ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் என்கிறார்கள்.

இதனால் இரண்டு கெடுதல். நாடி 70 இருக்கும்போது ஒரு துடிப்புக்குக் கிட்டத்தட்ட 0.85 விநாடி கிடைக்கிறது. 140 ஆனால் அதில் பாதிதான். குறைவது பெரும்பாலும் கீழறை நிரம்புகிற நேரம். ஏற்கெனவே குறுகிய கதவு, அதைத் திறந்து வைக்கவும் நேரமில்லை என்றால் ரத்தம் பின்னால் நுரையீரலில் தேங்கும். அம்மாவுக்குத் திடீரென்று மூச்சு வாங்க இதுதான் காரணம். துடிப்பைக் குறைக்கும் மாத்திரையை அதற்காகத்தான் எழுதுவார்கள்.

இரண்டாவதுதான் எனக்குப் பெரிய பயம். அசையாமல் நிற்கிற ரத்தம் உறையும். மேலறையின் ஓரத்தில் சின்னப் பை மாதிரி ஒரு மடிப்பு இருக்கிறது, ரத்தக்கட்டி பெரும்பாலும் அங்கேதான் உருவாகும். அது நகர்ந்து மூளைக்குப் போனால் பக்கவாதம். அதனால் வார்ஃபரின் மாதிரி ரத்தம் உறையாமல் இருக்கும் மாத்திரையை டாக்டர் ஆரம்பித்தால், ஒரு நாளும் விடாதீர்கள்.

கேள்வி: எங்கள் பக்கத்து வீட்டுப் பெரியவருக்கும் இதே ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன். அவர் மாதாமாதம் பரிசோதனைக்கு ரத்தம் கொடுப்பதில்லை, ஏதோ புது மாத்திரையாம். என் மனைவிக்கும் அதையே கேட்டு வாங்கலாமா? மனைவிக்கு மைட்ரல் சுருக்கம் இருக்கிறது.

வேண்டாம். பெயர் ஒன்றாக இருந்தாலும் அந்தப் பெரியவருக்கு வால்வு சுருக்கம் இல்லாமல் இருக்கலாம். வாதக் காய்ச்சலால் (தொண்டைப் புண் கிருமியால் வந்து வால்வைக் கெடுக்கும் காய்ச்சல்) இதயம் கெட்டு, துடிப்பும் தப்பிய 4,500-க்கும் அதிகமானவர்களை 24 நாடுகளில் வைத்து இன்விக்டஸ் என்ற ஆய்வு நடந்தது. ரிவராக்சபான் என்ற புது மாத்திரையையும் பழைய வார்ஃபரின் வகையையும் ஒப்பிட்டார்கள். 2022-ல் முடிவு வந்தது: பழைய மருந்து சாப்பிட்டவர்களில் இறப்பு குறைவு. மாதாமாதம் ஊசி குத்திக்கொள்வது அலுப்புதான், தெரியும். ஆனாலும் ஐ.என்.ஆர். 2-க்கும் 3-க்கும் நடுவில் நிற்கிறதா என்று பார்த்துக்கொண்டு வார்ஃபரினையே தொடரச் சொல்லுங்கள்.

கேள்வி: வார்ஃபரின் சாப்பிடுகிறேன். முருங்கைக்கீரையை அடியோடு விட வேண்டுமா? பல் பிடுங்கப் போகிறேன், மாத்திரையை நிறுத்தலாமா?

கீரையை விட வேண்டாம். வாரம் இரண்டு நாள் சாப்பிடும் பழக்கம் என்றால் எப்போதும் அப்படியே சாப்பிடுங்கள். ஒரு வாரம் தினமும் கீரை, அடுத்த வாரம் ஒன்றுமில்லை என்று மாறினால்தான் ஐ.என்.ஆர். ஏறி இறங்கும். கீரையைவிட நான் அதிகம் பயப்படுவது மருந்துக் கடையில் வாயால் கேட்டு வாங்குகிற மாத்திரைகளுக்கு. மூட்டுவலிக்கு டைக்ளோபினாக், வயிற்றுப்போக்குக்கு மெட்ரோனிடசோல் என்று வாங்கிச் சாப்பிட்டு, ரத்தக்கசிவோடு வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

பல் விஷயத்தில் நீங்களாக நிறுத்தாதீர்கள். ஐ.என்.ஆர். சரியான அளவில் இருந்தால் சாதாரணமாக ஒரு பல்லை மாத்திரையோடேயே எடுத்துவிடலாம். பல் டாக்டரிடம் நோட்டைக் காட்டி, இதய டாக்டரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள். பல்லுக்காகத் தானே பத்து நாள் மாத்திரையை விட்ட ஓர் அக்கா, வலது கை விழுந்து, பேச்சு குழறித் திரும்பி வந்தார். அந்த முகம் இன்னும் எனக்கு மறக்கவில்லை.

கேள்வி: பலூன் சிகிச்சை செய்தால் துடிப்பும் சரியாகிவிடுமா?

பலூனை உள்ளே விட்டு விரித்தால் வால்வு திறக்கும், மூச்சுத்திணறல் நன்றாகக் குறையும். துடிப்பு திரும்புவது மேலறை எவ்வளவு விரிந்திருக்கிறது, எத்தனை நாளாகத் தாளம் தப்பியிருக்கிறது என்பதைப் பொறுத்தது. புதிதாக வந்ததென்றால் மின் அதிர்ச்சி கொடுத்துச் சீராக்கிப் பார்ப்பார்கள். பல வருடமானால் பெரும்பாலும் அப்படியே நிற்கும், வார்ஃபரினும் தொடரும். பலூனுக்கு முன்னால் உணவுக்குழாய் வழியாக எக்கோ எடுக்கச் சொன்னால் மறுக்காதீர்கள். மேலறையில் ரத்தக்கட்டி இருக்கிறதா என்று அதில்தான் தெளிவாகத் தெரியும்.

கேள்வி: ஐந்து மாதக் கர்ப்பம். சின்ன வயதிலேயே வால்வு சுருக்கம் என்றார்கள். இரண்டு நாளாகப் படபடப்பு, படுத்தால் மூச்சு முட்டுகிறது.

இதைப் படித்ததும் ஆஸ்பத்திரிக்குக் கிளம்பும்மா, காலை வரை காத்திருக்காதே. இதய டாக்டரும் மகப்பேறு டாக்டரும் சேர்ந்து இருக்கிற பெரிய ஆஸ்பத்திரியாகப் போ. கர்ப்பத்தில் ரத்தத்தின் அளவே 40 முதல் 50 சதவீதம் கூடுகிறது. அத்தனையும் அந்தக் குறுகிய கதவு வழியாகத்தான் போக வேண்டும். துடிப்பும் தப்பினால் நுரையீரலில் நீர் கோத்துவிடும். வயிற்றில் குழந்தை இருக்கும்போதே பலூன் செய்ய முடியும், பயப்படாதே. வார்ஃபரின் சாப்பிடுகிறாய் என்றால் போனதும் முதலில் அதைச் சொல்.

கேள்வி: அப்பாவுக்கு 76 வயது. அயோர்ட்டிக் வால்வு சுருக்கம், துடிப்பும் ஒழுங்கில்லை. மேலே சொன்னதெல்லாம் அவருக்கும்தானா?

எல்லாம் இல்லை. அது இதயத்திலிருந்து உடம்புக்கு ரத்தம் போகிற கதவு, வயதாகிக் கால்சியம் படிந்து இறுகுகிற வால்வு. மைட்ரல் நன்றாக இருந்தால் அவருக்குப் புது வகை மாத்திரைகளும் பொருந்தலாம். நடக்கும்போது மயங்கி விழுந்தாலோ நெஞ்சு வலித்தாலோ மட்டும் தள்ளிப்போடாதீர்கள்.

கேள்வி: 9 வயது மகனுக்கு வாதக் காய்ச்சல் வந்து வால்வு கொஞ்சம் பாதித்திருக்கிறது. மூன்று வாரத்துக்கு ஒரு முறை பெனிசிலின் ஊசி. இப்போது நன்றாக ஓடியாடுகிறான். நிறுத்தலாமா?

நிறுத்தாதீர்கள். தொண்டைப் புண் கிருமி திரும்ப வரும் ஒவ்வொரு தடவையும் வால்வு இன்னும் கொஞ்சம் ஒட்டும். முதல் கேள்வியில் இருக்கும் அம்மாவும் பெரும்பாலும் இவன் வயதில் காய்ச்சலும் மூட்டு வீக்கமுமாகப் படுத்திருப்பார். வால்வில் பாதிப்பு நிலைத்துவிட்ட பிள்ளைகளுக்குக் குறைந்தது பத்து வருடம், அல்லது 40 வயது வரை, இதில் எது பிந்தியதோ அதுவரை போடச் சொல்வார்கள். தேதியைக் காலண்டரில் வட்டம் போட்டு வையுங்கள். பரீட்சை நாளில் வந்தால் ஒரு நாள் முன்னாலேயே போட்டுவிடுங்கள்.